ஓடக்காரனின் பதினோரு நொடி

கியோட்டோ நகரத்தின் மேற்கு ஓரத்தில், மூங்கில் காடு முடிந்து ரயில் பாதை தொடங்குகிற இடத்தில், நீர்ச்சாடிச் சின்னம் போட்ட ஒரு சினிமாக் கம்பெனி இருந்தது, அந்தக் கம்பெனியில் பெரிய அறை என்று ஓர் அறை இருந்தது, அந்த அறையில் செத்துப் பிழைக்கிறவர்கள் நாற்பத்து மூன்று பேர் இருந்தார்கள். கதாநாயகன் வாளை ஒரு சுழற்று சுழற்றினால் சுற்றி நிற்கிற பதினைந்து பேர் விழவேண்டும் இல்லையா, அந்தப் பதினைந்து பேர் இவர்கள்தான். காலையில் கொள்ளைக்காரனாக ஒரு தடவை, மத்தியானம் கோட்டைக் காவலனாக ஒரு தடவை, வெயில் தாழ்ந்தபின் பேரில்லாத அடியாளாக ஒரு தடவை என்று ஒரே நாளில் மூன்று சாவு செத்துவிட்டு, கழுத்தில் ஒட்டிய சிவப்புச் சாயத்தைத் தேய்த்துக் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போய்ச் சோறு தின்கிறவர்கள்.

பெரிய அறைக்கு ஒரே ஒரு சட்டம். செத்தவன் முகம் காட்டக் கூடாது. எப்படி வேண்டுமானாலும் விழலாம், ஆற்றில் விழலாம், சேற்றில் விழலாம், கூரையிலிருந்து உருளலாம், ஆனால் விழுந்து முடிக்கையில் முகம் காமிராவுக்கு அந்தப் பக்கம் போயிருக்க வேண்டும், ஏனென்றால் செத்தவன் முகம் தெரிந்துவிட்டால் பார்க்கிற சனம் அவனை நினைக்க ஆரம்பித்துவிடும், இவனுக்குப் பெண்டாட்டி இருப்பாளோ பிள்ளை இருக்குமோ என்று மனசு போய்விடும், அப்புறம் கொன்றவனை யார் பார்ப்பது?

அந்த நாற்பத்து மூன்று பேரில் விழுவதில் கெட்டிக்காரன் இசோகிச்சி. வடக்கே, பாதி வருஷம் பனி மூடிக் கிடக்கிற ஒரு கடற்கரையில், கடற்பாசி எடுத்துக் காயவைத்து விற்கிற வீட்டுப் பையன். போர் முடிந்து ஆறு வருஷம் கழித்து, பத்தொன்பது வயதில், சினிமாவுக்குப் போகிறேன் என்று துணிமூட்டையைத் தூக்கியபோது, அவன் அப்பா கிசாபுரோ பாசியைப் புரட்டிப் போட்டுக்கொண்டே, முகத்தைக் காட்டிப் பிழைக்கிற வேலையா என்று ஒரே ஒரு கேள்வி கேட்டார், ஆமாம் என்று இவன் சொல்லிவிட்டு வந்தான். வந்து பதினாலு வருஷம் ஆயிற்று, நூற்று எண்பத்து மூன்று படம் ஆயிற்று, இடுப்பை வில்லாக வளைத்து, குதிகாலில் ஒரு கணம் நின்று, காற்று கழற்றிவிட்ட துணி மாதிரி அவன் விழுகிற அழகைப் பார்க்க மற்ற செட்டிலிருந்து ஆட்கள் வருவார்கள், ஆனால் முகத்தை மட்டும் இன்றுவரை அவன் யாருக்கும் காட்டியதில்லை.

அவனோடு அதே நாளில் வேலைக்குச் சேர்ந்தவன் தொகுஜி. இருவரும் ஒரே விடுதியில், இவன் மாடியில் அவன் கீழே என்று குடியிருந்தார்கள், கூட்டத்தில் நிற்கச் சொன்னால் பழக்கத்தில் பக்கத்துப் பக்கத்தில் போய் நிற்பார்கள். தொகுஜிக்கு விழத் தெரியாது. வண்டியிலிருந்து அரிசி மூட்டை சரிகிற மாதிரி சரிவான், அதுவும் வெட்டு விழுவதற்குக் கொஞ்சம் முன்னாலேயே சரிவான். கோபமே வராத ஆள், ஊறுகாய் போடுவதில் மட்டும் கைராசிக்காரன், அவனைப் பார்த்தால் இசோகிச்சிக்கு இரக்கம் வரும், அந்தக் காலத்தில் இசோகிச்சியிடம் இரக்கம் நிறைய இருந்தது.

ஒன்பதாவது வருஷம் தொகுஜியைக் குதிரை மிதித்துவிட்டது. நாற்பது நாள் காலைத் தலையணைமேல் தூக்கி வைத்துக்கொண்டு விடுதியின் கீழறையில் கிடந்தான், பெரிய அறையில் எல்லோரும் முறை வைத்துக்கொண்டு போய்ப் பார்த்துவிட்டு வந்தார்கள், வெளியே ஒரு அடி அவன் எடுத்து வைக்கவில்லை என்பதற்கு அத்தனை பேரும் சாட்சி. அந்த நாற்பது நாளில் எடுத்து முடித்த படத்தைக் கம்பெனிக்குள் போட்டுப் பார்த்தபோது, டீக்கடைக் காட்சியில், வலது மூலையில், தொகுஜி உட்கார்ந்திருந்தான். கோப்பையை இரண்டு கையாலும் பிடித்து ஊதிக்கொண்டிருந்தான். இயக்குநர் காமெயாமா கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, இவன் வந்தானா என்று உதவியாளரைக் கேட்டார், இல்லை சார் கால் உடைஞ்சு படுத்திருக்கான் என்று பதில் வந்தது, நன்றாகத்தான் ஊதிக் குடிக்கிறான் என்று சொல்லி அடுத்த ரீலைப் போடச் சொன்னார். அந்த விஷயத்தில் அந்த ஊர் பட்ட ஆச்சரியம் அவ்வளவுதான்.

அதற்கப்புறம் அவன் எல்லாப் படத்திலும் வந்தான். நடித்த படத்தில் வந்தான், நடிக்காத படத்தில் வந்தான், வேறு கம்பெனி எடுத்த படத்தில் வந்தான், அவன் பிறப்பதற்கு முன்னால் எடுத்த ஊமைப்படத்தில் வைக்கோல் தொப்பி போட்டுக்கொண்டு பாலம் தாண்டிப் போனான், வெளிநாட்டுப் படம் ஒன்றில் பாலைவனத்து ஒட்டகத்துக்குப் பின்னால் மரச்செருப்பு போட்டுக்கொண்டு நின்றான். கம்பெனி ஆபீசில் இது பெரிய சிக்கலாகப் போயிற்று, ஏனென்றால் வேலைக்கு வந்தவன் வருகைப் புத்தகத்தில் முத்திரை வைக்கவேண்டும் என்பது விதி, வராமலே வந்தவனுக்கு விதியில் இடம் இல்லை. மூன்று நாள் கூடிப் பேசி, படம் வெளியானபின் தொகுஜி ஆபீசுக்கு வந்து, தான் எந்தெந்தப் படத்தில் இருக்கிறான் என்று பார்த்துப் பின்தேதியிட்டு முத்திரை வைத்துவிட்டுப் போகவேண்டும் என்று முடிவு செய்தார்கள், அவனும் தலையைக் குனிந்து மன்னிப்புக் கேட்டுக்கொண்டே வைத்துவிட்டுப் போவான்.

சனங்கள் அதைவிடச் சுலபமாகப் பழகிக்கொண்டார்கள். படம் ஆரம்பித்ததும் முதலில் மூலைகளைப் பார்ப்பார்கள், பானைக்குப் பின்னால் பார்ப்பார்கள், கூட்டத்தில் துழாவுவார்கள், யாராவது ஒருவர் தாழ்ந்த குரலில் "இருக்கார்" என்பார், அந்தச் சொல் வரிசை வரிசையாகப் பின்னால் போகும், கொட்டகை முழுக்க மூச்சு விட்டு நிம்மதியாகச் சாய்ந்துகொள்ளும், அதற்கப்புறம்தான் கதை. பரீட்சைக்குப் போகிற பையன்கள் முந்தின நாள் அவனைப் பார்த்துவிட்டுப் போனார்கள், பெண் பார்க்கப் போகிறவர்கள் பார்த்துவிட்டுப் போனார்கள், கைராசி குறைந்துவிட்டது என்று டோஃபு விற்கிறவர் ஒருவர் வேலைநாள் மத்தியானம் கடையை அடைத்துவிட்டு வந்து பார்த்துவிட்டுப் போனார். பெரிய அறையில் நாலு பேர் வேண்டுமென்றே குதிரைக்குக் காலைக் கொடுத்து நாற்பது நாள் படுத்துப் பார்த்தார்கள். யாரும் எந்தப் படத்திலும் வரவில்லை, ஒருவனுக்குக் கால் சரியாகச் சேரவும் இல்லை.

ஒன்று மட்டும் கஷ்டமாக இருந்தது. மூலை காலியாக இருந்தால் தொகுஜி அங்கே உட்கார்ந்துகொள்வான், ஆனால் காட்சி முழுக்க ஆள் நிறைந்திருந்தால் யாராவது ஒருவனுடைய இடத்தில் வந்துவிடுவான், அந்த ஒருவன் படத்திலிருந்து போய்விடுவான். ஆகவே எந்தக் கம்பெனி எந்தக் காட்சியை எடுத்தாலும் மூலையில் ஒரு முக்காலியைக் காலியாகப் போட்டுவைப்பது என்று இயக்குநர்கள் தமக்குள் ஒரு வழக்கம் வைத்துக்கொண்டார்கள், அரண்மனைக் காட்சியிலும் ஒரு முக்காலி, போர்க்களத்திலும் ஒரு முக்காலி. புதுப் படங்களுக்கு அது சரி. முக்காலி போடாமல் எடுத்த பழைய படங்களுக்கு என்ன செய்வது? அவற்றிலெல்லாம் தொகுஜி யாருடைய இடத்தில் வருவான்? பழக்கத்தில் யார் பக்கத்தில் நிற்பானோ அவனுடைய இடத்தில்தான்.

நூற்று எண்பத்து மூன்றில் முதலில் பத்துப் போயிற்று, பிறகு முப்பது போயிற்று. இசோகிச்சி லீவு நாளில் பஸ் ஏறிப் பழைய படம் போடுகிற கொட்டகைகளைத் தேடிப் போவான், தான் லாந்தர் பிடித்த இடத்தில் தொகுஜி லாந்தர் பிடித்துக்கொண்டு நிற்பதை, தான் வில்லாக வளைந்து விழுந்த இடத்தில் தொகுஜி அரிசி மூட்டையாகச் சரிவதைப் பார்ப்பான், பக்கத்தில் உட்கார்ந்திருக்கிற கிழவர் "இருக்கார்" என்று சந்தோஷமாக இவன் தொடையைத் தட்டுவார். இசோகிச்சிக்கு முதலில் வயிறு எரிந்தது, பிறகு நெஞ்சு எரிந்தது, பிறகு எங்கே எரிகிறது என்று தெரியாமல் உடம்பு முழுக்க எரிந்தது; தொகுஜியின் மரச்செருப்புச் சத்தம் படியருகில் கேட்டால் எரிந்தது, அவன் தும்மினால் எரிந்தது, அவனுடைய முறிந்த காலைப் பார்த்தால், எனக்கு ஏன் இந்தக் கால் இல்லை என்று எரிந்தது. தன்னைவிடத் திறமைசாலி மேலே போனால் பல்லைக் கடித்துக்கொண்டு பொறுத்துக்கொள்ளலாம், விழவே தெரியாதவன் மேலே போவதை எந்தப் பல்லைக் கடித்துக்கொண்டு பொறுப்பது?

இதில் கொடுமை என்னவென்றால், இசோகிச்சியை ஒவ்வொரு படத்திலிருந்தும் அகற்றிய சேதி தெரிந்த அன்று சாயங்காலம் தொகுஜி ஒரு முள்ளங்கி ஊறுகாயைத் தாளில் சுற்றி எடுத்துக்கொண்டு, நொண்டி நொண்டி மாடியேறி வருவான். "இசோ, மன்னிச்சுக்கோ. மறுபடியும் நான்தானாம்," என்று சொல்லி வாசலில் வைத்துவிட்டுப் போவான். எறிந்துவிட வேண்டும் என்று இசோகிச்சி ஒவ்வொரு முறையும் நினைப்பான். அந்த முள்ளங்கி அவ்வளவு நன்றாக இருக்கும். கடைசித் துண்டுவரை தின்றுவிட்டுத் தன்மேலேயே காறித் துப்பிக்கொள்வான்.

பதிமூன்றாவது வருஷம், திருவிழாக் காட்சி ஒன்றில், தொகுஜி இல்லாத ஒரு படமாவது இருக்கட்டும் என்று இசோகிச்சி ஒரு காரியம் செய்தான். ஷாட் தொடங்குவதற்குச் சற்று முன்னால், யாரும் பார்க்காதபோது, மூலையிலிருந்த முக்காலியைக் காலால் தள்ளிக் காமிராவுக்கு வெளியே விட்டுவிட்டான். உட்கார இடம் இல்லாவிட்டால் எப்படி வருவான் பார்க்கிறேன் என்று நினைத்துக்கொண்டு, லாந்தரை உயர்த்திப் பிடித்து, வாழ்நாளில் முதல்முறையாக முகத்தைக் கொஞ்சம் காமிராப் பக்கம் திருப்பியும் நின்றான். ஊருக்குக் கடிதமும் எழுதிவிட்டான், லாந்தர் பிடித்துக்கொண்டு நிற்பவன் நான்தான், பாருங்கள் என்று. கிசாபுரோ கொட்டகைப் பக்கம் தலைவைத்துப் படுக்காத மனிதர்; அக்கம்பக்கத்தார் போய்ப் பார்த்துவிட்டு வந்து, லாந்தர் பிடித்திருப்பவர் உன் மகன் இல்லை, தொகுஜி, எல்லாப் படத்திலும் வருவாரே அவர் என்று அவரிடம் சொன்னார்கள். முக்காலி இல்லாததால் தொகுஜி வேறு எங்கே போவான், பழகிய இடத்துக்குத்தான் வந்திருந்தான். தப்பு முழுக்கத் தன்னுடையது என்று நினைத்து அன்றைக்கு அவன் இரண்டு முள்ளங்கி கொண்டுவந்தான்.

இப்படி இருக்கும்போதுதான் ஓடக்காரன் வந்தான். காமெயாமா எடுத்த படம். புருஷன் வீட்டுக்குத் தப்பி ஓடுகிற ஒரு பெண்ணை ஓர் ஓடக்காரன் ஆற்றைக் கடத்தி விடுகிறான், துரத்திவந்த பிரபுவின் ஆட்கள் அவன் கழுத்தில் வாளை வைத்து, எங்கே போனாள் என்று கேட்கிறார்கள், அவன் சொல்வதில்லை. அவ்வளவுதான் அந்த வேஷம். அதைச் செய்யவேண்டிய நடிகருக்குக் கடைவாய்ப் பல் வலித்துக் கன்னம் பலாப்பழமாக வீங்கிவிட்டது. ஓடம் தள்ளத் தெரிந்தவன் யார் என்று இயக்குநர் கேட்க, கடற்கரைக்காரன் என்று இசோகிச்சியைப் பிடித்துத் தள்ளினார்கள்.

"உன்னைக் கேப்பாங்க. சொல்லாதே," என்றார் காமெயாமா.

"வேற என்ன செய்யட்டும் சார்?"

"ஒண்ணும் செய்யாதே. முகத்தை மட்டும் வச்சிரு."

காமிரா ஒரு முழத்துக்கு வந்தது. அவன் முகத்தை வைத்தான். எதை நினைத்தான், எப்படி வைத்தான் என்று அவனுக்கே தெரியாது, கண்ணாடி எதிரே இல்லையே. கட் சொன்னபோது பதினோரு நொடி என்று உதவியாளர் குறித்துக்கொண்டார் என்பதுதான் தெரியும். நூற்று எண்பத்து நாலாவது படம், பதினாலாவது வருஷம், முதல் குளோசப்.

படம் வெளியானது. இசோகிச்சி போகவில்லை. போய்ப் பார்த்து, திரை நிறையத் தொகுஜியின் முகம் இருந்துவிட்டால்? பார்க்காதவரை அது தன்னுடையது. அதனால் பார்த்துவிட்டு வருகிறவர்களையெல்லாம் மடக்கி மடக்கி விசாரித்தான். ஸ்டூடியோ வாசலில் நூடுல்ஸ் கடை வைத்திருந்த ஓதாகி அக்காவை மட்டும் ஏழு தடவை கேட்டிருப்பான், ஓடம் ஓட்டினது யாரு அக்கா என்று.

"நீதான்டா. மூக்குகூட உன் மூக்குதான். எத்தனை தடவை கேப்பே?"

"அவன்?"

"அவர் சந்தைக் காட்சியிலயே வந்துட்டார். முக்காலியில உக்காந்து கத்திரிக்காய் பொறுக்கிக்கிட்டு இருக்கார். அவரைப் பார்த்தாச்சு, அப்புறம் நிம்மதியா கதையைப் பார்த்தேன்."

அந்த வருஷம் பழைய படங்களில் மிச்சமிருந்ததும் போய்க்கொண்டிருந்தது. முக்காலி போட்ட படங்களிலும் தொகுஜி எழுந்து பழகிய இடத்துக்கே வந்துவிட, கோடை முடிவதற்குள் நூற்று எண்பத்து மூன்றும் போய்விட்டது. உலகத்தில் இசோகிச்சி என்கிற நடிகன் இருந்தான் என்பதற்கு அந்தப் பதினோரு நொடிதான் மிச்சம். அந்தச் சமயத்தில், படப்பெட்டி ஊர் ஊராகப் போய் வடக்கே அவன் ஊருக்கும் வருகிறது, இலையுதிர்காலம் பிறந்ததும் மீனவர் சங்கக் கூடத்தில் ஒரே ஒரு காட்சி, மத்தியானம் இரண்டு மணிக்கு, அன்று சாயங்காலமே பெட்டி படகேறித் தீவுகளுக்குப் போய்விடும் என்று தெரியவந்தது. அப்பாவுக்கு எழுதினான். சங்கத்து எழுத்தர் கையெழுத்தில் பதில் வந்தது. உன் முகம் இருந்தால் வருகிறேன், வேறு ஆளைப் பார்க்க எனக்கு நேரம் இல்லை.

இசோகிச்சி விடுதியின் கீழறைக்குப் போனான். அத்தனை வருஷத்தில் அவனாக இறங்கிப் போனது அதுதான் முதல்முறை. தொகுஜி ஜன்னலோரம் உட்கார்ந்து முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தான்.

"தொகுஜி, எங்க ஊர்ல அப்பா படம் பார்க்க வர்றார், ஓடக்காரனை எனக்கு விட்டுடு," என்றான். "மத்ததெல்லாம் நீயே வச்சுக்கோ. நான் கேக்கல."

தொகுஜி கத்தியைக் கீழே வைத்தான். "இசோ, வர்றது எப்படின்னு தெரிஞ்சாத்தானே வராம இருக்கிறது எப்படின்னு தெரியும்? நான் பாட்டுக்கு இங்கதான் உக்காந்திருக்கேன்."

"உனக்கு உள்ளூரச் சந்தோஷம்தானே?"

"ஒரு படத்துல சிரிச்சுக்கிட்டு நிக்கிறேன். எதுக்குச் சிரிச்சேன்னு நாலு தடவை போய்ப் பார்த்தேன். தெரியல." நறுக்கிய துண்டுகளை ஓரமாக ஒதுக்கிவிட்டு, "உங்கப்பா எத்தனை மணிக்குப் பார்க்கிறார்?" என்று கேட்டான்.

"ரெண்டு மணிக்கு."

தொகுஜி தலையை ஆட்டிவிட்டு மறுபடி நறுக்க ஆரம்பித்தான்.

இரண்டு நாள் ரயில், ஒரு கப்பல், அப்புறம் ஒரு லாரி. மீனவர் சங்கக் கூடத்தின் ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி அடித்திருந்தார்கள், கருவாட்டு வாசனை தரையிலிருந்து எழுந்தது, ஊர்ச் சனம் முழுக்கப் பாய்களில் நெருக்கி உட்கார்ந்திருந்தது. கிசாபுரோ குளித்துவிட்டு, கல்யாணத்துக்குப் போகிற கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டு வந்திருந்தார். எழுபத்தொரு வயதில் அவர் பார்க்கப்போகிற முதல் படம். மகனைப் பார்த்து, இளைத்துவிட்டாய் என்றோ எப்போது வந்தாய் என்றோ கேட்கவில்லை, பக்கத்தில் உட்கார்ந்து, முழங்கால்மேல் கையை வைத்துக்கொண்டு, "எந்தப் பக்கம் பார்க்கணும்?" என்றார்.

"நேரா பாருங்கப்பா."

விளக்கு அணைந்தது. சந்தைக் காட்சி வந்தது. கத்திரிக்காய்க் கூடை இருந்தது, முக்காலி இருந்தது, முக்காலியில் ஆள் இல்லை.

கூடத்தில் ஒரு முணுமுணுப்பு எழுந்தது. மூலைகளைத் தேடினார்கள், பானைகளுக்குப் பின்னால் தேடினார்கள், எழுத்தர் எழுந்து நின்றே தேடினார். அடுத்த காட்சி போயிற்று, அதற்கடுத்ததும் போயிற்று, கதாநாயகன் பதினைந்து பேரை வெட்டிச் சாய்த்ததை யாரும் பார்க்கவில்லை, சாய்ந்தவர்களில் அவர் இருக்கிறாரா என்றுதான் பார்த்தார்கள். இல்லை. முக்காலியில் இல்லை, கோயில் வாசலில் இல்லை, குதிரை லாயத்தில் இல்லை, அப்படியென்றால் எங்கே? ஊருக்கே அது ஒரு கேள்விதான், இசோகிச்சிக்கு மட்டும் விடை தெரியும் என்று தோன்றிற்று. இந்த ஊரில், இந்தக் காட்சியில், இந்த மனிதரின் பக்கத்தில் வைத்தா என்னிடமிருந்து எடுத்துக்கொள்ளப்போகிறாய், தொகுஜி, அதற்காகவா மணி கேட்டாய்?

ஆறு வந்தது. தூரத்தில் ஓடம், வைக்கோல் தொப்பி போட்ட ஓடக்காரன், முகம் தெரியவில்லை. இடுப்பை அசைத்துக் கோலைத் தள்ளுகிற விதம் தன்னுடையது போலவும் இருந்தது, அவனுடையது போலவும் இருந்தது. பெண் இறங்கி நாணலுக்குள் ஓடினாள். குதிரைகள் வந்தன. வாள் உருவுகிற சத்தம் கேட்டது.

திரை முழுக்க ஒரு முகம் வந்தது, அதே நொடியில் முன்வரிசையிலிருந்து ஒரு பெண் குரல், "இருக்கார்" என்றது. அந்த முகத்துக்குப் பின்னால், தூரத்தில், வலது ஓரத்தில், கூடைகள் அடுக்கியிருந்த கரையில் யாரோ ஓர் ஆள் குந்தி உட்கார்ந்து பானை கழுவிக்கொண்டிருந்தான். முதுகு மட்டும்தான் தெரிந்தது. இத்தனை வருஷத்தில் எந்தப் படத்திலும் தொகுஜி முதுகைக் காட்டியதில்லை, ஆகவே அவர்தானா என்று கூடம் இரண்டாகப் பிரிந்துவிட்டது, அவர்தான் என்றார்கள், இல்லை என்றார்கள், காதைப் பார் காதைப் பார் என்றார்கள், இருநூறு பேர் கழுத்தை நீட்டி உள்ளங்கை அகலத்து முதுகு ஒன்றையே உற்றுப் பார்த்தார்கள். இசோகிச்சியும் பார்த்தான். அவன் கண் அவன் பேச்சைக் கேட்கவில்லை. ஐந்து வருஷமாக மூலையையே பார்த்துப் பழகிய கண். அந்தத் தோளை அவனுக்குத் தெரியும், ஒரு பக்கம் சரிந்த தோள், குதிரை மிதித்த காலுக்கு வலிக்காமல் உட்கார்ந்து உட்கார்ந்து சரிந்த தோள். தொகுஜிதான். பெரிய அறைக்காரன் செத்து விழுகிற மாதிரி முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டு, இடத்தை விட்டுக்கொடுத்து உட்கார்ந்திருக்கிறான் என்று இசோகிச்சிக்குப் புரிந்து, புரிந்த வேகத்தில் பார்வையைத் திரையின் நடுவுக்கு இழுத்தான். அதற்குள் பதினோரு நொடி முடிந்து, நடுவில் ஆறு ஓடிக்கொண்டிருந்தது. ஓடம் காலியாக மிதந்து போயிற்று.

அதற்கப்புறம் படத்தில் என்ன நடந்தது என்று அவனுக்குத் தெரியாது.

கூடத்தை விட்டு வெளியே வந்தபோது வெயில் இன்னும் இருந்தது. படப்பெட்டிகளைத் தலையில் வைத்துக்கொண்டு இரண்டு பேர் படகுத்துறைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள், சனம் முதுகைப் பற்றிப் பேசிக்கொண்டே கலைந்தது, எழுத்தர் மட்டும் இசோகிச்சியைப் பார்த்து, நீயும் இருந்தியாமே, கவனிக்கல, தப்பா நினைச்சுக்காதே என்று சொல்லிவிட்டுப் போனார். கிசாபுரோ நேராகக் கடற்கரைக்குப் போனார். கோட்டைக் கழற்றி மடித்துக் கல்லின்மேல் வைத்துவிட்டு, சாயங்கால ஈரம் இறங்குவதற்குள் பாசியைச் சுருட்ட ஆரம்பித்தார். இசோகிச்சி பின்னாலேயே போய் நின்றான்.

"பார்த்தீங்களாப்பா?"

"பார்த்தேன்."

"நான்தானா?"

கிசாபுரோ அவனை ஒரு மாதிரி பார்த்தார். "வேற யாரு? நீ பார்க்கலையா? பக்கத்துலதானே உக்காந்திருந்தே."

கூடத்தில் இருந்த அத்தனை பேரிலும், எங்கே தேடவேண்டும் என்று தெரியாத ஒரே மனிதர் இவர். நேராகப் பார் என்றதும் நேராகப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். எப்படி இருந்தது என்று கேட்டான். அவர் யோசித்துவிட்டு, அவனுங்க கேட்டானுங்க, நீ சொல்லல என்றார். அது தெரியும் என்றான் இவன்.

"முகம்பா. முகம் எப்படி இருந்துச்சு?"

கிசாபுரோவுக்கு அதற்கு வார்த்தை கிடைக்கவில்லை. பிறகு கையிலிருந்த பாசியைக் கீழே போட்டு, உள்ளங்கையை இடுப்புத் துண்டில் துடைத்துக்கொண்டு, மகனுக்கு எதிரே வந்து ஒரு முழத்தில் நின்று, "இப்படி," என்று சொல்லி முகத்தை வைத்தார்.

இசோகிச்சி மனதுக்குள் எண்ணினான். ஒன்று, இரண்டு என்று போகையில் அந்த முகத்தில் ஒன்றுமே இல்லை, கடற்காற்றில் காய்ந்த கிழவனின் முகம்தான்; மூன்றாவது நொடியில் கீழுதடு கொஞ்சம் உள்ளே போயிற்று, ஒரு கதவை உள்ளிருந்து சாத்துகிற மாதிரி; ஆறாவதில், கழுத்தில் வாள் இருப்பதை மறந்துவிட்டவனைப் போல் அந்தக் கண்கள் இவனைத் தாண்டி ஓர் ஆளைப் பத்திரமாக அனுப்பிவைத்துவிட்டு, எட்டாவதில் திரும்பி வந்து இவன்மேலேயே நின்றன, இமைக்கவில்லை. பத்து. பதினொன்று. கிசாபுரோ முகத்தைக் கலைத்துவிட்டு, அவ்வளவுதான் என்று குனிந்து பாசியை எடுத்தார்.

பெரிய அறையில் ஒருவனாலும் அது முடியாது. கதாநாயகனால் முடியாது. தன்னால் முடிந்திருக்கும் என்று இசோகிச்சியால் நம்ப முடியவில்லை. முடிந்திருந்தால் அதைப் பார்த்தது இந்த மனிதர், வைத்திருப்பது இந்த மனிதர், கேட்டதும் எடுத்து வைக்கிறவரும் இவர். அவனுக்கு நன்றாகப் பழக்கமான அந்த எரிச்சல் வயிற்றில் தொடங்கி நெஞ்சுக்கு ஏறிற்று, இந்தத் தடவை அது தொகுஜியின் பக்கம் போகவே இல்லை. பாசி சுருட்டுகிற, வளைந்த முதுகுள்ள, வாழ்நாளில் ஒரே ஒரு படம் பார்த்த அந்தக் கிழவரைப் பார்த்து, எனக்கு ஏன் இது கிடைக்கவில்லை என்று பெருமூச்சு விட்டான், பிறகு கால் நனைய அவருக்கு முன்னால் சுற்றிக்கொண்டு போய், கண்ணை எடுக்காமல் நின்று, "இன்னொரு தடவை காட்டுங்கப்பா," என்றான்.